நீதிமன்றக் கதவைப் பூட்டியவர் யார்?

அரசாங்கப் பணத்தைக் கையாடியவனுக்காகப் பரிந்து பேச நாம் முன்வரவில்லை. இதை முதலிலேயே சொல்லிவிடுகின்றோம். ஏனெனில், நாம் எழுதப் புகுந்துள்ள பொருளைக் கண்டவுடனேயே, “கள்ளனுக்கு வக்காலத்து வாங்குகின்றார்கள்” என்று கூவுவதற்குச் சிலர் காத்திருப்பார்கள் என்பதை நாம் அறிவோம். பொதுப்பணம் என்பது மாவுக்கும் மண்ணெண்ணெய்க்கும் வரி கொடுக்கும் ஏழையின் வியர்வை. அதில் கைவைத்தவன் எவனாயினும், எந்த இனத்தவனாயினும், எந்தக் கட்சியின் நிழலில் நிற்பவனாயினும், அவன் பதவியிலிருந்து விலக்கப்படல் வேண்டும். சிறைக்கும் செல்லல் வேண்டும். இதில் நமக்கு இரண்டு கருத்தில்லை.

ஆனால், கைவைத்தவன் எவன்? அதைத் தீர்மானிப்பவர் யார்? தீர்மானித்தவர் தவறிவிட்டால் அத்தவற்றைத் திருத்துபவர் யார்? இம்மூன்று கேள்விகளுக்கும் இந்நாட்டின் சட்டம் தரும் விடை நாணத்தக்கதாக இருக்கின்றது. குற்றஞ் சாட்டும் தரப்பே நீதி வழங்கும் தரப்பாகவும் இருந்து, நீதிமன்றத்தின் கதவும் பூட்டப்பட்டிருக்கும் வரை, பொதுப்பணத்துக்கும் பாதுகாப்பில்லை. நேர்மையான உத்தியோகத்தனுக்கும் பாதுகாப்பில்லை. இதுவே நாம் நிலைநாட்ட விரும்புவது.

இரண்டு சாவிகளின் கதை

கச்சேரிச் சிறாப்பர் ஒருவரை எடுத்துக்கொள்வோம். கற்பனை மனிதர்தான், ஆயினும் அவருடைய முகம் நம் வாசகர்களுக்குப் புதிதன்று. காலை முதல் மாலை வரை கம்பிக் கூட்டுக்குள் இருந்து காசு எண்ணுகின்றார். வாங்கியதற்குப் பற்றுச்சீட்டு, கொடுத்ததற்குக் கையொப்பம், இரண்டும் காசேட்டில் பதிவு. மாலையில் மீதியை எண்ணி இரும்புப் பெட்டியில் வைத்துப் பூட்டுகின்றார். அந்தப் பெட்டிக்கு இரண்டு பூட்டுகள், இரண்டு சாவிகள். ஒன்று அவரிடம், மற்றது மேலதிகாரியிடம். இருவரும் கூடி நின்றே பெட்டியைத் திறத்தல் வேண்டும் என்பது முறை. ஆனால் மேலதிகாரிக்குக் கூட்டம் இருக்கும். சுற்றுப் பயணம் இருக்கும். அமைச்சரின் வருகை இருக்கும். “என்னுடைய சாவியையும் நீரே வைத்துக்கொள்ளும், தம்பி” என்று ஒருநாள் சொல்லிவிடுகின்றார். தம்பி மறுக்க முடியுமா? மறுத்தால் இடமாற்றம், ஏற்றால் விதி மீறல். அவர் ஏற்றுக்கொள்கின்றார். அன்றே அவருடைய கழுத்தில் கயிறு விழுந்துவிட்டது; இறுகுவதற்கு மட்டும் காலம் பார்த்திருந்தது.

ஒருநாள் முன்னறிவித்தலின்றிக் கணக்காய்வு நடைபெறுகின்றது. பெட்டியில் இருபதினாயிரம் ரூபா குறைகின்றது. இரண்டாம் சாவிக்கு உரியவர் அறிக்கை எழுதுகின்றார். முதலாம் சாவிக்கு உரியவர் வேலையிலிருந்து இடைநிறுத்தப்பட்டு வீட்டுக்கு அனுப்பப்படுகின்றார். அவர் எடுத்தாரா, எண்ணும்பொழுது தவறினாரா, வேறொருவர் எடுத்தாரா, கொடுத்த பணம் ஏட்டில் பதியப்படாமல் விடுபட்டதா? இவையெல்லாம் இனிமேல்தான் ஆராயப்படல் வேண்டும். ஆனால் ஊர் ஆராயக் காத்திருப்பதில்லை. மறுநாட் காலையிலேயே சந்தையில் அவருக்குப் “பட்டம்” சூட்டப்பட்டுவிட்டது.

மாதங்கள் கழிந்து குற்றப்பத்திரம் வருகின்றது. மேலும் பல மாதங்கள் கழிந்து விசாரணை தொடங்குகின்றது. ஏடுகள் எங்கே இருக்கின்றன? அவர் உட்புக முடியாத அலுவலகத்தில். சாட்சிகள் யார்? அறிக்கை எழுதிய அதிகாரியின் கீழ் நாளையும் வேலைசெய்து உண்ண வேண்டியவர்கள். விசாரிப்பவரை நியமிப்பவர் யார்? தண்டிக்கும் அதிகாரம் படைத்த அதே நிர்வாகம். இடைக்காலத்தில் அவருக்கு அரைச் சம்பளமேனும் கிடைக்குமா என்பதும் அந்த நிர்வாகத்தின் தீர்மானத்தையே பொறுத்தது. பிள்ளையின் பள்ளிக்கூடச் செலவுக்குக் கடன்படும் மனிதன், இருபது வருடத்துப் பழக்கமுள்ள சட்டநுணுக்கரை எதிர்த்துத் தனக்காக வாதாட வேண்டும்.

முடிவில் ஒரு கடிதம்: “சேவையிலிருந்து நீக்கப்பட்டுள்ளீர்.” வேலை போயிற்று, அதனோடு ஓய்வூதியமும் போயிற்று. இந்நாட்டின் ஓய்வூதியப் பிரமாணக் குறிப்பின் முதற் பிரிவே, ஓய்வூதியம் பெறுவதற்கு அரசாங்க ஊழியருக்கு முழுமையான உரிமை எதுவும் இல்லை என்று அறைகின்றது. முப்பது வருட உழைப்பு ஒரு தாளில் கரைந்தொழிகின்றது.

அவர் கள்ளராகவும் இருக்கலாம். நாம் மறுக்கவில்லை. ஆனால் அவர் கள்ளர்தான் என்பதை நாமும் அறியோம். அவருடைய அயலவரும் அறியார். உண்மையைச் சொன்னால், அவரை நீக்கியவரும் ஐயந்திரிபற அறியார். அறிவதற்கென்று அமைந்த இடம் நீதிமன்றம். அங்கே செல்லும் வழியை அடைத்தவர்களைத்தான் நாம் கேட்கின்றோம்.

“விருப்பம்” என்னும் பூதம்

தாபனக் கோவையின் இரண்டாந் தொகுதியில் ஒழுக்காற்று விதிகள் விரிவாக எழுதப்பட்டுள்ளனவே. குற்றப்பத்திரம் கொடுக்க வேண்டும், மறுமொழி கேட்க வேண்டும், விசாரணை நடத்த வேண்டும் என்றெல்லாம் அங்கே இருக்கின்றதே என்று நிர்வாகத்தார் கூறுவர். இருக்கின்றது. ஆனால் விதியை மீறியவனைத் தட்டிக்கேட்க எவரும் இல்லாத இடத்தில் விதி என்பது சுவரில் தொங்கும் நாட்காட்டிப் படம். அழகாக இருக்கும், பயன்படாது.

இக்கேடு எப்படி வந்தது? வெள்ளையர் விட்டுச் சென்ற சோல்பரி அரசியலமைப்பின் 57 ஆம் பிரிவு, முடியின் கீழ்ப் பதவி வகிப்போர் முடியின் விருப்பம் உள்ளவரையே பதவி வகிப்பர் என்றது. அரசன் விரும்பினால் வைத்திருப்பான்; விரும்பாவிட்டால் விலக்குவான்! ஆயினும் அதே அரசியலமைப்பு, நியமனம், இடமாற்றம், பதவி நீக்கம், ஒழுக்கக் கட்டுப்பாடு ஆகியவற்றை அமைச்சர்களின் கையிற் கொடாமல் ஓர் ஆணைக்குழுவிடம் கொடுத்தது. கதவு அகலத் திறந்திருந்தது என்று நாம் சொல்லவில்லை. ஆனால் முற்றாகப் பூட்டப்பட்டிருக்கவும் இல்லை.

பூட்டப்படாத அந்தக் கதவைத் தட்டியவர் ஒரு தமிழ் உத்தியோகத்தர். கோடீஸ்வரன் வழக்கை நம்மவர்கள் மொழி வழக்கென்றே நினைவில் வைத்திருக்கின்றார்கள். அது உண்மை. 1961 ஆம் ஆண்டின் திறைசேரிச் சுற்றறிக்கையின்படி, சிங்களத் தேர்ச்சி பெறாத குற்றத்துக்காக அவருடைய சம்பள ஏற்றம் மறுக்கப்பட்டது. 1964 இல் கொழும்பு மாவட்ட நீதிமன்றம் அவர் பக்கம் தீர்ப்பளித்தது. 1967 இல் உயர் நீதிமன்றம், முடியின் ஊழியன் தன் சம்பளத்துக்காக முடியின் மேல் வழக்குத் தொடர முடியாது என்று சொல்லி அவரைத் திருப்பி அனுப்பியது. மொழிச் சட்டம் செல்லுமா என்ற வினாவைத் தொடவே இல்லை! 1969 டிசம்பரில் இலண்டன் பிரிவிக் கவுன்சில் அத்தீர்ப்பை மாற்றியது: அரசாங்க ஊழியன் சம்பளத்துக்கு வழக்காடலாம், அது பிச்சையன்று, உரிமை. அரசாங்க ஊழியர் அனைவருக்கும், சிங்கள ஊழியர் உட்பட, ஒரு தமிழர் பெற்றுக்கொடுத்த உரிமை இது என்பதைத் தென்னிலங்கைத் தொழிற்சங்கங்கள் எப்பொழுதாவது எண்ணிப் பார்த்ததுண்டா?

அரசாங்கம் எண்ணிப் பார்த்தது. 1971 இல் பிரிவிக் கவுன்சிலுக்கான மேன்முறையீடு ஒழிக்கப்பட்டது. 1972 இல் வந்த குடியரசு அரசியலமைப்பு, நியமனம், இடமாற்றம், பதவி நீக்கம், ஒழுக்காற்று ஆகிய எவ்விடயத்திலும் அமைச்சரவையோ, அமைச்சரோ, அரச அதிகாரியோ செய்த முடிவை எந்த நீதிமன்றமும் விசாரிக்கலாகாது என்று 106 ஆம் பிரிவில் எழுதிவைத்தது. முடி போயிற்று, முடியின் விருப்பம் அமைச்சரின் விருப்பமாகப் பிறவி எடுத்தது. அரசனுக்கேனும் ஒரு தலைதான். அமைச்சரவைக்கு எத்தனை தலைகள்!

ஆட்சி மாறியது, 1978 இல் வேறோர் அரசியலமைப்பு வந்தது. முன்னவர் செய்ததையெல்லாம் பழித்து வந்தவர்கள் இந்தப் பூட்டை மட்டும் பத்திரமாக வைத்துக்கொண்டார்கள். அடிப்படை உரிமை மீறல் என்று உயர் நீதிமன்றத்திடம் முறையிடும் ஒரு சிறு சாளரத்தை மட்டும் விட்டார்கள். 1980 ஜூலை வேலைநிறுத்தத்தின்போது சுமார் 40,000 ஊழியர்கள் வேலையிழந்து தெருவுக்கு வந்தார்கள். ஒருவனுக்கு நீதி மறுக்கும் பூட்டு, காலம் வரும்போது நாற்பதினாயிரம் பேருக்கும் நீதி மறுக்கும் என்பதற்கு இதனினும் சான்று வேண்டுமா?

பின்னர் 2001 இல் 17 ஆவது திருத்தம் சுதந்திரமான அரசாங்க சேவை ஆணைக்குழுவை அமைத்தது. நிர்வாக மேன்முறையீட்டு நியாயசபையும் 2002 ஆம் ஆண்டின் 4 ஆம் இலக்கச் சட்டத்தால் செயலுரு பெற்றது. நல்லவைதாம், வரவேற்கின்றோம். ஆனால் அதே திருத்தம் 61அ உறுப்புரை என்னும் பெயரில் பழைய பூட்டைப் புதிய கதவில் மாட்டியது. அதன் பிறகு, 2010, 2015, 2020, 2022 என்று ஆணைக்குழுக்களின் சுதந்திரத்தைப் பறித்தும் கொடுத்தும், மீண்டும் பறித்தும் கொடுத்தும் திருத்தத்தின் மேல் திருத்தம் வந்தது. பூட்டு மட்டும் அசையவில்லை.

எஞ்சியது அந்தச் சாளரம். அதன் அளவைப் பாருங்கள். அரசியலமைப்பின் 126 ஆம் உறுப்புரையின்படி ஒரு மாதத்துக்குள் முறையிடல் வேண்டும். முறையிட வேண்டிய இடம் கொழும்புப் புதுக்கடை. மன்னாரிலிருந்தோ மட்டக்களப்பிலிருந்தோ, சம்பளம் இழந்த ஒருவர் ஒரு மாதத்துக்குள் பத்திரங்களைத் திரட்டி, வழக்கறிஞரைத் தேடி, பணத்தைப் புரட்டிப் புதுக்கடை சேர்தல் வேண்டும். அந்த ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவிடம் முறையிட்டால், அங்கே விசாரணை நடைபெறும் காலம் கணக்கிற் சேராது என்று 1996 ஆம் ஆண்டின் 21 ஆம் இலக்கச் சட்டம் 13 ஆம் பிரிவில் கூறுகின்றது. இதை அறிந்தவர் எத்தனை பேர்? அறியாமல் ஒரு மாதத்தைக் கண்ணீரில் கழித்தவர் எத்தனை பேர்? நம் வாசகர்களேனும் இதைக் குறித்து வைத்துக்கொள்ளட்டும்.

அந்தச் சாளரத்தின் வழியே சில வேளைகளில் வெளிச்சம் வந்ததை நாம் மறைக்கவில்லை. “விருப்பம்” என்பது மனம்போன போக்கன்று, அது சமத்துவ உரிமைக்கு அடங்கியது என்று உயர் நீதிமன்றமே 1994 இல் கூறியுள்ளது. ஆனால் உயர் நீதிமன்றம் கேட்பது சமத்துவம் மீறப்பட்டதா என்பதை. சிறாப்பர் கேட்பதோ, “நான் எடுத்தேன் என்பதற்கு எங்கே சான்று?” என்பதை. இரண்டும் எப்பொழுதும் ஒன்றாகிவிடுவதில்லை.

தமிழனுக்கு இது தெரியாத பாடமன்று. பொற்கொல்லன் ஒருவனின் சொல்லைக் கேட்டு, விசாரணையின்றிக் கோவலனைக் கொல்வித்தான் பாண்டியன். ஆனால் அந்தப் பாண்டியனின் வாயில் பூட்டியிருக்கவில்லை. ஒற்றைச் சிலம்போடு வந்த பெண்ணை வாயிலோன் அரசனிடம் அறிவித்தான், அரசன் அழைத்தான், சிலம்பை உடைத்தார்கள், அரசியின் முத்துக்குப் பதிலாக மாணிக்கம் தெறித்தது. சான்றைக் கண்ட அரசன் தன் பிழையை ஏற்றான். இன்று நம் குடியரசின் வாயிலுக்குக் கண்ணகி வந்தால் என்ன நடக்கும்? “61அ உறுப்புரையைப் படித்துப் பாரும், அம்மா” என்று சொல்லி வாயிலோனே திருப்பி அனுப்பிவிடுவான்! சிலம்பு உடைபடாது, மாணிக்கமும் வெளிவராது.

டில்லியும் கோலாரும்

“நீதிமன்றத்தைத் திறந்துவிட்டால் கள்ளர்களெல்லாம் சட்ட ஓட்டைகளால் தப்பிவிடுவார்களே!” என்பது எதிர்த்தரப்பின் பெரிய வாதம். இவ்வாதத்தை நாம் இலேசாகத் தள்ளவில்லை. ஆனால் பக்கத்து நாட்டில் அந்தக் கதவு திறந்தே இருக்கின்றது. அங்கே நடந்தது என்ன என்று பார்ப்போம்.

இந்திய அரசியலமைப்பின் 311 ஆவது உறுப்புரை, குற்றச்சாட்டை அறிவித்து, தக்க மறுமொழிக்கு வாய்ப்பளித்து, விசாரணை நடத்தாமல் அரசாங்க ஊழியனை நீக்கலாகாது என்கின்றது. விதிவிலக்குகள் உண்டு, ஆயினும் நீக்கப்பட்டவன் நீதிமன்றத்துக்குச் செல்லலாம்.

மத்திய அரசின் பொதுப்பணித் துறையில் ஓர் அதிகாரி. தன் மேலதிகாரிக்கு நூறு ரூபா நோட்டொன்றை இலஞ்சமாக நீட்ட முயன்றார் என்பது குற்றச்சாட்டு. விசாரணை அதிகாரியோ, குற்றம் நிரூபிக்கப்படவில்லை என்றார். அரசாங்கம் அதை ஏற்காமல் அவரை நீக்கியது. வழக்கு உச்ச நீதிமன்றம் வரை சென்றது. 1963 இல் நீதியரசர் கஜேந்திரகட்கர் அளித்த தீர்ப்பை நம் நிர்வாகத்தார் படிக்க வேண்டும். விசாரணை அதிகாரியின் முடிவுக்கு அரசாங்கம் கட்டுப்பட்டதன்று என்பதை அவர் ஏற்றுக்கொண்டார். ஊழலை வேரறுக்க அரசாங்கம் கொண்டுள்ள ஆர்வத்தையும் மதித்தார். ஆனால் சந்தேகம் சான்றின் இடத்தைப் பிடித்துக்கொள்ள விடமுடியாது என்று சொல்லி, நீக்கம் செல்லாது என்றார்.

அதே 1963 இல் அதே உச்ச நீதிமன்றம் ஆந்திரத்துப் பொலிஸ் ஊழியர் ஒருவரின் வழக்கில் மற்றோர் உண்மையையும் சொன்னது: ஒழுக்காற்று விசாரணையின்மேல் நீதிமன்றம் மேன்முறையீட்டு மன்றமன்று, முறைப்படி விசாரணை நடந்து, முடிவுக்குச் சான்றும் இருந்தால், அந்தச் சான்றை மறுபடியும் நிறுத்துப் பார்ப்பது நீதிமன்றத்தின் வேலையன்று. கள்ளன் தப்ப இதில் ஓட்டை எங்கே? சான்றிருந்தால் நீக்கம் நிற்கும்; சான்றில்லாவிட்டால் விழும். சான்றோடு நீக்கும் நிர்வாகம் நீதிமன்றத்துக்கு அஞ்சுவானேன்?

இன்னொரு வழக்கு, தமிழ்த் தொழிலாளர் தலைமுறை தலைமுறையாக மண்ணுக்கடியில் உழைத்த கோலார் தங்கவயலில் நடந்தது. அது அரசாங்கத்துக்குச் சொந்தமான சுரங்கம். 1985 ஜூன் 2 ஆந் தேதி பாதுகாப்பு அதிகாரி ஒருவரின் வீட்டில் பொலிசார் சோதனை நடத்தினர். 4.5 கிராம் தங்க உருண்டையும் 1,276 கிராம் தங்கம் கலந்த மணலும் அங்கே கண்டெடுக்கப்பட்டதாகக் கூறப்பட்டது. அவர் இடைநிறுத்தப்பட்டார். நீதிமன்றத்தில் குற்ற வழக்கு; நிர்வாகத்தில் ஒழுக்காற்று விசாரணை. இரண்டும் ஒரே சோதனையை, ஒரே சாட்சிகளை வைத்து. பிழைப்பூதியமும் கொடுக்கப்படாமல் அவர் கேரளத்திலுள்ள தம் ஊரில் இருந்தார். விசாரணைக்கு வரக் கையிற் காசில்லை, உடல்நலமும் இல்லை. அவர் இல்லாமலே விசாரணையை முடித்து 1986 ஜூனில் அவரை நீக்கினர். 1987 பெப்ரவரியில் குற்றவியல் நீதிமன்றம், சோதனையும் கண்டெடுத்ததும் நிரூபிக்கப்படவில்லை என்று கூறி அவரை விடுவித்தது. நிர்வாகம் அசைந்ததா? இல்லை. 1999 மார்ச் 30 ஆந் தேதி உச்ச நீதிமன்றம், ஊதியமின்றிப் பட்டினி போட்டு நடத்திய விசாரணை விசாரணையேயன்று என்று கூறி, அவரை மீண்டும் வேலையிற் சேர்க்கக் கட்டளையிட்டது.

சோதனை நாளிலிருந்து எண்ணினால் பதின்மூன்று வருடங்களும் ஒன்பது மாதங்களும்! கதவு திறந்திருந்த நாட்டிலேயே நீதி நடந்து வர இத்தனை காலம் ஆயிற்று. கதவு பூட்டிய நாட்டில் அது எப்பொழுது வந்து சேரும்?

சிறிய கைகளும் பெரிய கைகளும்

இருபதினாயிரம் ரூபாவுக்குச் சிறாப்பரின் வாழ்வு முடிகின்றது. நாட்டின் கஜானாவையே வெறுமையாக்கியவர்களுக்கு என்ன முடிந்தது? 2022 இல் எரிபொருளுக்கும் எரிவாயுவுக்கும் மருந்துக்கும் இந்நாட்டு மக்கள் வரிசையில் நின்றதை யாரும் மறந்திருக்கமாட்டார்கள். அந்தப் பொருளாதார வீழ்ச்சிக்குப் பொறுப்பாயிருந்து மக்களின் நம்பிக்கையை மீறினார்கள் என்று முன்னாள் சனாதிபதி, முன்னாள் பிரதமர், முன்னாள் நிதியமைச்சர், மத்திய வங்கியின் முன்னாள் ஆளுநர்கள், திறைசேரியின் முன்னாள் செயலாளர் முதலியோருக்கு எதிராக உயர் நீதிமன்றம் 2023 நவம்பர் 14 ஆந் தேதி பெரும்பான்மைத் தீர்ப்பளித்தது. துணிந்த தீர்ப்பு, பாராட்டுகின்றோம். ஆனால் அவர்கள் செலுத்த வேண்டியதாகக் கட்டளையிடப்பட்டது என்ன? மனுதாரருக்கு வழக்குச் செலவாக 150,000 ரூபா.

அவர்களுக்கும் முறையான விசாரணை வேண்டும். திறந்த மன்றம் வேண்டும். தேர்ந்த வழக்கறிஞர்கள் வேண்டும். அவற்றை அவர்களிடமிருந்து பறிக்கச் சொல்லும் கூட்டமன்று நாம். அவர்களுக்குக் கிடைத்ததில் பாதியையேனும் சிறாப்பருக்கும் கொடுங்கள் என்பதே நம் வழக்கு.

இதனாற் பொதுப்பணத்துக்கு விளையும் கேட்டையும் எண்ணிப் பாருங்கள். மூடிய அறையில் ஒரு சிறிய உத்தியோகத்தனைப் பிடித்து நீக்கிவிட்டால் கோப்பு மூடப்படுகின்றது. இரண்டாம் சாவியைப் பற்றி எவரும் கேட்பதில்லை. திறந்த மன்றத்தில் குறுக்கு விசாரணை நடந்தால், முதற் கேள்வியே இரண்டாம் சாவியைப் பற்றியதாக இருக்கும்! கதவைப் பூட்டியதன் காரணம் சிலருக்கு அங்கேதான் இருக்கின்றதோ என்று ஐயுறுகின்றோம்.

நம் வீட்டுக் குற்றம்

அரசாங்கத்தை மட்டும் குறைசொல்லி நாம் கைகழுவிக்கொள்ள முடியாது. இடைநிறுத்தப்பட்ட அன்றே பெயரும் ஊரும் படமும் போட்டு, “இலட்சக்கணக்கில் சுருட்டினார்” என்று தலைப்பிடும் பத்திரிகைகள் நம்மிடையே உண்டு. அவர் விடுவிக்கப்பட்டால் அச்செய்திக்கு மூலையில் நான்கு வரியும் கிடைப்பதில்லை. தன் கட்சிக்காரன் அகப்பட்டால் “பழிவாங்கல்” என்றும், மாற்றுக் கட்சிக்காரன் அகப்பட்டால் “ஊழல் அம்பலம்” என்றும் கூவும் அரசியல்வாதிகள் உண்டு. இடமாற்றத்துக்காக அமைச்சரின் வீட்டு வாசலில் நிற்கும் தொழிற்சங்கத் தலைவர், உறுப்பினரின் குற்றப்பத்திரத்துக்கு மறுமொழி எழுதிக்கொடுக்க நேரமில்லை என்கின்றார். கல்யாணப் பேச்சு நின்றுபோன வீட்டாரைக் கோயில் வீதியிற் கண்டு முகத்தைத் திருப்பிக்கொள்ளும் நாமும் உண்டு. பாண்டியனை நொந்து பயனென்ன? நம் ஒவ்வொருவரின் நாவிலும் ஒரு பொற்கொல்லன் குடியிருக்கின்றான்.

நாம் கேட்பது

நாம் கேட்பது சலுகையன்று. பணமோசடிக் குற்றச்சாட்டை விசாரிப்பவர் அந்த அலுவலகத்துக்கும் அந்தத் திணைக்களத்துக்கும் புறம்பானவராக இருத்தல் வேண்டும். குற்றப்பத்திரத்தோடு, அதற்கு ஆதாரமான ஏடுகளின் பிரதிகளும் கையில் கொடுக்கப்படல் வேண்டும். விசாரணைக்குக் காலவரையறை வேண்டும். அதைத் தாண்டினால் முழுச் சம்பளம் கொடுத்தல் வேண்டும். குற்றம் முடிவாகும் வரை எவரையும் பட்டினி போடலாகாது. 1987 இல் 13 ஆவது திருத்தம் தமிழையும் அரசகரும மொழியென்று ஏற்றது. ஆதலால், தமிழ் உத்தியோகத்தனுக்குத் தமிழிற் குற்றப்பத்திரமும் தமிழில் விசாரணையும் கேட்காமலே கிடைத்தல் வேண்டும். தன்மேல் சுமத்தப்பட்ட பழியைப் பிறர் மொழிபெயர்த்துச் சொல்லித்தான் ஒருவன் அறிய வேண்டுமா?

இவை எல்லாவற்றிலும் தலையானது ஒன்று. 61அ உறுப்புரை நீக்கப்படல் வேண்டும். நீக்கப்பட்ட ஊழியன், தான் வாழும் மாகாணத்திலேயே ஒரு நீதிபதியின் முன் நின்று, “எங்கே சான்று?” என்று கேட்கும் உரிமை பெறல் வேண்டும். சான்று இருந்தால் அவன் தலைகுனிந்து போகட்டும். அதன்பின் அவனுக்காக நாம் ஒரு வரியும் எழுதோம்.

புதிய அரசியலமைப்பைப் பற்றிப் பேசாத ஆட்சி இந்நாட்டில் இல்லை. பேசுவோர் அனைவரையும் நாம் ஒன்றே கேட்கின்றோம். 1972 இல் இடப்பட்ட பூட்டு இது. இட்டவர்கள் இன்று ஆட்சியில் இல்லை. அதைக் காத்தவர்களும் ஒருவர் பின் ஒருவராய்ப் போய்விட்டார்கள். பதவியிழந்தபின் அவர்களுட் பலர் ஓடிச்சென்று தட்டியது எந்தக் கதவை? நீதிமன்றக் கதவையே அன்றோ? இன்று அதிகாரத்தில் இருப்பவர்களும் ஒருநாள் வெளியே நிற்பார்கள். சாவி இன்னும் தங்கள் கையில் இருக்கும்பொழுதே பூட்டைத் திறந்துவிடுமாறு அவர்களை எச்சரிக்கின்றோம்.